டொயிலி துரையின் இரகசியத் தொழில்

பேராதனையில் பல்கலைக்கழகம் வருவதற்கு ஏறத்தாழ முந்நூறு வருடங்களுக்கு முன்னரே கண்டியில் தகவல் பாதுகாப்புத் துறை ஒன்று ஒழுங்காக நடந்து வந்தது. கட்டடம் இல்லை, விரிவுரை இல்லை, சோதனை மட்டும் உண்டு. சோதனையில் தவறியவர் மறுதடவை தோற்ற முடியாது. கழுத்துக்கு மேலே ஒன்றும் மிஞ்சியிருக்காது. துறைத்தலைவர் மாட்சிமை தங்கிய இரண்டாம் இராஜசிங்கன். 1629 முதல் 1687 வரை பதவியில் இருந்தார். ஓய்வுபெறும் வயதைப் பற்றி அவரிடம் பேசும் துணிவு யாருக்கும் வரவில்லை.

அந்தத் துறையின் பாடத்திட்டத்தை நமக்கு எழுதி வைத்துப் போனவர் ஒரு கைதி. ரொபர்ட் நொக்ஸ் என்ற ஆங்கிலேயப் பொடியன், புயலில் முறிந்த பாய்மரத்தை மாற்றுவதற்காகத் தகப்பனுடன் 1660இல் கொட்டியாரக் கரையில் இறங்கி, அரசரின் ஆட்களிடம் அகப்பட்டு, பத்தொன்பது வருடத்துக்கு மேல் மலைநாட்டில் கிடந்தார். தகப்பன் அடுத்த வருடமே காய்ச்சலில் போய்விட்டார். மகன் தொப்பி பின்னி விற்றார், நெல் வட்டிக்குக் கொடுத்தார், கண்ணில் பட்டதையெல்லாம் மனதில் குறித்துக்கொண்டார்.

அவர் குறித்துக்கொண்டவற்றில் ஒன்று கடவத்தை. மலைப்பாதைகள் ஒடுங்கும் இடங்களில் முள்ளால் ஆன படலை போட்டு, இரவும் பகலும் காவல் வைத்திருந்தார்கள். அரச நகரத்திலிருந்து யாராவது கீழே போவதென்றால் கையில் ஓர் அத்தாட்சி வேண்டும். அத்தாட்சி என்பது களிமண்ணில் பதித்த முத்திரை. ஆளுக்கேற்ற படம். சிப்பாய் என்றால் தோளில் ஈட்டி வைத்த மனிதன். சுமை தூக்குபவன் என்றால் தடியின் இரு நுனியிலும் பொதி தொங்க நடக்கும் மனிதன். வெள்ளைக்காரன் என்றால் இடுப்பில் வாளும் தலையில் தொப்பியும் வைத்த மனிதன். காவல்காரனுக்கு எழுத்துத் தெரிய வேண்டியதில்லை. படத்தைப் பார்ப்பான், ஆளைப் பார்ப்பான், படலையைத் திறப்பான்.

இன்றைக்கு வங்கிக்காரர் கைத்தொலைபேசிக்கு ஆறு இலக்கம் அனுப்பி, இத்தனை நிமிடத்துக்குள் அடி என்று விரட்டுகிறார்களே, அந்த வேலையைத்தான் அந்தக் களிமண் செய்தது. காலாவதி நேரத்தைக் கண்டியின் மழை பார்த்துக்கொண்டது. ஒரேயொரு ஓட்டை: ஈட்டிப் படம் வைத்திருப்பவன் உண்மையில் சிப்பாய்தானா என்று களிமண்ணுக்குத் தெரியாது. நொக்ஸ் இந்த ஓட்டையைக்கூடப் பயன்படுத்தவில்லை. ஊரூராகப் போய்ச் சாமான் விற்கும் வியாபாரி என்று தன்னைப் பழக்கப்படுத்தி, 1679இல் ஸ்டீபன் ரட்லண்ட் என்ற கூட்டாளியுடன் வடக்கே நடக்கத் தொடங்கினார். அனுராதபுரம் தாண்டி, மல்வத்து ஓயா வழியே இறங்கி, அரிப்பில் இருந்த ஒல்லாந்தர் கோட்டைக்குப் போய்ச் சேர்ந்தார். பாதுகாப்பு முறை எவ்வளவு பலமானாலும், தினமும் வந்துபோகிற வியாபாரியை யாரும் இரண்டாம் தரம் நிமிர்ந்து பார்ப்பதில்லை.

இலண்டனுக்குத் திரும்பிய நொக்ஸின் நூல் 1681இல் அச்சேறியது. முன்னுரை எழுதியவர் ரொபர்ட் ஹூக். பௌதிகப் புத்தகத்தில் சுருளிவில் படத்துக்குக் கீழே வருகிற அதே ஹூக். அவரும் இந்தத் துறையில் ஓர் ஆசாமிதான். வில்லின் விதியைக் கண்டுபிடித்ததும் வெளியே சொல்லிவிட்டால் நியூட்டன் மாதிரி யாராவது தனதென்று கொண்டுபோய்விடுவார் என்ற பயம். அதனால் 1676இல் அந்த இலத்தீன் வாக்கியத்தின் எழுத்துகளைக் கலைத்து அகரவரிசையில் அடுக்கி அச்சிட்டுவிட்டு, இரண்டு வருடம் கழித்து, இதுதான் அது என்று அவிழ்த்துக் காட்டினார். விடையைச் சொல்லாமலே ‘விடை என்னிடம் இருக்கிறது, இனி மாற்ற மாட்டேன்’ என்று பூட்டி வைக்கும் இந்தக் கலை இன்றைய குறியாக்கப் பாடத்தில் ஒரு தனி அத்தியாயம். இந்த நட்பின் இன்னொரு பலனையும் சொல்லத்தான் வேண்டும். நொக்ஸ் மூலமாக ஹூக்குக்குக் கஞ்சா அறிமுகமானது. 1689இல் ரோயல் சொசைட்டியில் அதைப் பற்றி அவர் ஓர் உரையே ஆற்றினார். ஆராய்ச்சி என்றால் அப்படி இருக்க வேண்டும்.

ஐரோப்பியர் கண்டியைத் திறக்க எடுத்த முதல் முயற்சிகளெல்லாம் முரட்டு முயற்சிகள். பூட்டின் எல்லா எண்களையும் ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்க்கும் வேலை. போர்த்துக்கேயர் 1594இல் தந்துரையில் போட்டுப் பார்த்தார்கள், 1630இல் ரந்தெனிவெலவில் போட்டுப் பார்த்தார்கள், 1638இல் கன்னொருவையில் கடைசியாகப் போட்டுப் பார்த்தார்கள். பேராதனைப் பூந்தோட்டத்தில் நின்று மகாவலிக்கு அக்கரையைப் பார்த்தால் அந்தக் கன்னொருவை தெரியும். ஒல்லாந்தர் 1765இல் நகரத்துக்குள்ளேயே வந்தார்கள், இருக்க முடியாமல் போனார்கள். ஆங்கிலேயர் 1803இல் வந்து முத்துசாமி என்பவரை அரசராக உட்காரவைத்துவிட்டு, காவலுக்கு விட்ட படையைக் காய்ச்சலிலும் ஜூன் மாதப் படுகொலையிலும் இழந்தார்கள். கண்டி நகரைப் பிடிப்பது ஒருபோதும் கஷ்டமாக இருந்ததில்லை. பிடித்த நகரில் ஆள் இருக்க மாட்டான், அரிசி இருக்காது, மழை மட்டும் இருக்கும்.

இந்த இடத்தில்தான் நம்முடைய கதாநாயகர் மேடைக்கு வருகிறார்.

ஜோன் டொயிலி. பிறப்பு 1774. தகப்பன் இங்கிலாந்தில் பாதிரியார். வெஸ்ட்மின்ஸ்டர் பள்ளி, கேம்பிரிட்ஜ் படிப்பு. பத்தொன்பதாம் நூற்றாண்டு பிறந்த கையோடு இலங்கைக்கு வந்து மாத்தறையில் உத்தியோகம் பார்த்தார். மற்றத் துரைமார் வேட்டைக்கும் விருந்துக்கும் போன நேரத்தில் இவர் கரதொட தம்மாராம தேரரிடம் உட்கார்ந்து சிங்களம் படித்தார். எழுத்துக் கூட்டிப் படிக்கிற அளவு சிங்களம் என்று நினைக்க வேண்டாம். கஜமன் நோனா என்ற கவிஞர் தன் குடும்பக் கஷ்டத்தைச் செய்யுளாகவே எழுதிக் கொடுத்தபோது வாசித்து இரங்கி, காணி கொடுக்க ஏற்பாடு செய்கிற அளவுக்குச் சிங்களம். அந்தக் காணிதான் இன்றைய நோனாகம என்று தென்பகுதியில் சொல்வார்கள். விண்ணப்பப் படிவத்தைச் செய்யுளில் ஏற்றுக்கொண்ட அரச அதிகாரி அவருக்குப் பின் இந்தத் தீவில் தோன்றவில்லை.

1805இல் அரசாங்கத்தின் தலைமை மொழிபெயர்ப்பாளர் ஆனார். பதவியின் பெயர்தான் மொழிபெயர்ப்பு. உண்மையான வேலை கண்டி அரசைப் படிப்பது. அவருடைய ஆராய்ச்சி வாழ்க்கை அங்கிருந்து தொடங்குகிறது, அதற்கேற்ற கோலமும் வந்துவிட்டது. வாழைப்பழத்தைத் தின்றுகொண்டு, யாரையும் வீட்டுக்கு அழைக்காமல், தானும் விருந்துக்குப் போகாமல் சாமியார் மாதிரி கிடக்கிறார் என்று சக வெள்ளைக்காரர் குறைப்பட்டார்கள். கல்யாணம் இல்லை. வீட்டிலிருந்து கடிதத்துக்கு மேல் கடிதம்: எப்போது வருகிறாய், எப்போது வருகிறாய். கடைசிவரை போகவில்லை. முனைவர் பட்டத்துக்குப் படிக்கும் பிள்ளையைப் பெற்ற எந்தத் தாய்க்கும் இந்தக் கதை புதிதாக இராது.

அவருடைய முறை மிகவும் எளிது. மலையிலிருந்து பிக்குகள் வருவார்கள், வியாபாரிகள் வருவார்கள், அரசருடன் கோபித்துக்கொண்டவர்களின் ஆட்கள் வருவார்கள். சிலர் கையில் ஓலை. சிலர் வாயில் சேதி. எல்லாவற்றையும் கேட்டு, யார் அனுப்பியது, யார் கொண்டுவந்தது, எந்தப் பாதை, எத்தனை நாள், அரசர் இப்போது எந்த மாளிகையில், எந்தத் திசாவை (மாகாண அதிபதி) மீது கோபம் என்று திகதி போட்டு நாட்குறிப்பில் எழுதினார். 1810 முதல் 1815 வரையான குறிப்பு இன்றும் இருக்கிறது. வாசிக்கச் சோர்வு தரும் புத்தகம் அது. சாகசம் இல்லை, கண்ணுக்குத் தெரியாத மை இல்லை, பொய்த்தாடி இல்லை. ஒருவன் வந்தான், இன்னதைச் சொன்னான், போனான். மறுநாள் இன்னொருவன். ஐந்து வருடத்தில் ஒரு இராச்சியத்தின் உள்வீடு முழுக்க அவருடைய மேசைக்கு வந்துவிட்டது.

கண்டியின் படலைகளில் காவல் அப்போதும் இருந்தது. என்ன பயன்? இரகசியத்தை வைத்திருந்தவர்களே அதைத் தட்டில் வைத்து அனுப்பிக்கொண்டிருந்தார்கள். தலைமை அதிகாரம், அதாவது அரசரின் முதல் அமைச்சர், பிலிமத்தலாவ 1798இல் பதினெட்டு வயதுக் கண்ணுசாமியை ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கனாக அரியணையில் ஏற்றினார். பொடியன், சொன்னபடி கேட்பான் என்ற நினைப்பு. அடுத்த வருடமே ஆங்கில ஆளுநர் நோர்த்திடம் போய், அந்தப் பொடியனைத் தீர்த்துக்கட்டுவது பற்றிப் பேச்சுக் கொடுத்தார். பொடியனோ சொன்னபடி கேட்காமல் வளர்ந்து, வாவி கட்டி, கடைசியில் பிலிமத்தலாவவின் தலையையே எடுத்துவிட்டார். பதவி எஹலப்பொலவுக்குப் போனது. சதியும் பதவியோடு சேர்த்துக் கைமாறியது.

இங்கே கணினிக்காரர்களின் புதிர் ஒன்றைச் சொன்னால்தான் மிச்சக் கதை விளங்கும். ஆண்ட்ரூ யாவ் என்ற சீனத்து அறிஞர் 1982இல் ஒரு கேள்வி கேட்டார். இரண்டு கோடீஸ்வரர்கள். தங்களில் யார் பெரிய பணக்காரர் என்று அறிய வேண்டும். ஆனால் இருவருமே தம் கையிருப்பை மற்றவரிடம் சொல்லமாட்டார்கள். நடுவே ஒரு தரகரையும் வைக்கக் கூடாது. முடியுமா? முடியும் என்று அவர் கணக்கால் காட்டினார். இரகசியக் கணிப்பு என்ற துறையே அதிலிருந்து கிளைத்தது. 2000ஆம் ஆண்டு டியூரிங் விருதும் வந்தது.

கண்டியில் இதற்கு நூற்றெழுபது வருடம் முந்திய வடிவம் ஒன்று இருந்தது. பெயர் வைக்க வேண்டுமென்றால் இரண்டு அதிகாரங்களின் புதிர். எஹலப்பொல அரசரைக் கைவிட நினைக்கிறார். மற்ற அதிகாரமான மொல்லிகொடவும் நினைக்கிறார். இருவரும் நினைத்தால் சேர்ந்து கைவிடலாம், உயிர் தப்பலாம். ஒருவர் மட்டும் வாயைத் திறந்து மற்றவர் அரசரிடம் போய்ச் சொல்லிவிட்டால் கதை முடிந்தது. ஆகவே ‘நீயும் துரோகியா?’ என்று கேட்க வேண்டும், ‘நான் துரோகி’ என்பதைச் சொல்லாமல் கேட்க வேண்டும். இருவரும் ஆம் என்றால் ஆம் என்று தெரிய வேண்டும். அல்லாவிட்டால், இல்லை என்றவருக்கு மற்றவர் மனதில் இருந்தது ஒருபோதும் தெரியவே கூடாது.

இதற்கு 1989இல் பேர்ட் டென் போயர் என்பவர் ஐந்து சீட்டுகளால் விடை சொன்னார். 304 என்ற சீட்டாட்டம் ஆடும் வீட்டில் கட்டு இருந்தால் இப்போதே செய்து பார்க்கலாம். ஒவ்வொருவர் கையிலும் ஒரு சிவப்பு, ஒரு கறுப்பு. நடுவே ஒரு சிவப்பைக் கவிழ்த்து வையுங்கள். இடப்பக்கத்தவர் தன் இரண்டையும், வலப்பக்கத்தவர் தன் இரண்டையும், நடுச் சீட்டுக்கு இருபுறமும் கவிழ்த்து வைக்க வேண்டும். சம்மதம் என்றால் தன் சிவப்பை நடுச் சீட்டுக்குப் பக்கத்தில் வைப்பார், இல்லையென்றால் கறுப்பைப் பக்கத்தில் வைப்பார். ஐந்தையும் வரிசை குலையாமல் அடுக்கி, இருவரும் மாறி மாறி வெட்டி வெட்டி வைக்க வேண்டும். கலைத்துப் போடக் கூடாது, வெட்ட மட்டுந்தான். பிறகு வட்டமாகப் பரப்பித் திறந்தால், மூன்று சிவப்பும் அடுத்தடுத்து வந்தால் இருவரும் சம்மதம். வராவிட்டால் இல்லை. இல்லை என்று வரும் மூன்று விதமும் வெட்டியபின் ஒரே தோற்றம்; யார் மறுத்தார் என்று சீட்டைப் பார்த்துக் கண்டுபிடிக்க ஏலாது.

ஐந்து சீட்டு. ஒரு சதமும் செலவில்லை. கண்டியின் பிரதானிகளிடம் சீட்டுக் கட்டு இருந்திருந்தால் ஒரு இராச்சியம் பிழைத்திருக்குமா என்று கேட்டால், இல்லை, அரசரை வேறுவிதமாகக் கவிழ்த்திருப்பார்கள். ஆனால் ஆங்கிலேயன் தேவைப்பட்டிருக்க மாட்டான். அவர்களோ தரகரை வைத்தார்கள். எஹலப்பொல தன் சீட்டை டொயிலியிடம் காட்டினார். மொல்லிகொடவும் தன் சீட்டை டொயிலியிடம் காட்டினார். இரகசியக் கணிப்பு என்ற துறை முழுவதும் தரகரை வெளியே தள்ளுவதற்காகப் பிறந்தது. கண்டியில் தரகரே மேசைக்குச் சொந்தக்காரர். இரண்டு கையையும் பார்த்த ஆள் ஒருவரே. அவரும் மூன்றாவது ஆட்டக்காரர்.

அரசரிடமும் ஒரு பாதுகாப்பு முறை இருந்தது. பிரதானிகளை வெளிமாவட்டத்துக்கு அனுப்பும்போது அவர்களுடைய குடும்பம் கண்டியிலேயே இருக்க வேண்டும். பிணையாக. 1814இல் எஹலப்பொல சப்ரகமுவவில் கிளர்ந்து ஆங்கிலேயர் பக்கம் தப்பி ஓடியபோது அந்தப் பிணை வசூலிக்கப்பட்டது. அவருடைய பிள்ளைகள் மே மாதத்தில் சிரச்சேதம் செய்யப்பட்டார்கள், மனைவியை நீரில் மூழ்கடித்தார்கள். இதில் சிரிக்க எதுவும் இல்லை. அரசர் நம்மவர், தமிழ் பேசியவர் என்பதற்காக இதை மெல்ல விழுங்கிவிட்டுப் போவோரும் நம்மில் உண்டு. விழுங்கக் கூடாது.

மொல்லிகொட இந்தப் பாடத்தைப் படித்துவிட்டார். எஹலப்பொலவை அடக்க அரசர் அனுப்பிய படைத்தலைவர் அவர்தான். தலைமை அதிகாரமும் இப்போது அவர்தான். டொயிலிக்கு அவர் சொல்லியனுப்பிய சேதியின் சாரம்: வருகிறேன், குடும்பம் வெளியே வரட்டும். 1815 ஜனவரியில் ஆங்கிலேயர் போர் அறிவித்தார்கள், பெப்ரவரியில் மொல்லிகொடவின் குடும்பம் வெளியே வந்தது, மொல்லிகொடவும் வந்தார். போர் என்று சொல்வது ஒரு மரியாதைக்குத்தான். பிரவுன்றிக் ஆளுநரின் படை கிட்டத்தட்ட சண்டையே இல்லாமல் கண்டிக்குள் நுழைந்தது. 18ஆம் திகதி மெதமகாநுவரப் பக்கம் மறைந்திருந்த அரசரைப் பிடித்தார்கள். பிடித்தவர்கள் ஆங்கிலேயர் அல்லர்.

மார்ச் 2. மகுல் மடுவ. செதுக்குத் தூண்கள் நிற்கும் அந்தப் பேரவை மண்டபம் இன்றும் தலதா மாளிகைக்குப் பக்கத்தில் இருக்கிறது, போகிறவர்கள் பார்க்கலாம். பன்னிரண்டு பிரிவுகள் கொண்ட ஒப்பந்தம். ஆங்கிலத்தில் ஒன்று, சிங்களத்தில் ஒன்று. வாசகம் டொயிலியின் கைவண்ணம். இரண்டாம் பிரிவு அரசரை நீக்குகிறது. மூன்றாம் பிரிவு அவருடைய ஆண் உறவினர் எவரும் அனுமதியின்றி மலைநாட்டில் கால்வைக்கக் கூடாது என்கிறது. ஐந்தாம் பிரிவு பௌத்தத்தைக் காப்பதாக வாக்குக் கொடுக்கிறது. கையொப்பமிட்ட பிரதானிகள் சிலர் தமிழ் எழுத்தில் ஒப்பமிட்டார்கள் என்பது நம்முடைய மேடைப் பேச்சாளர்கள் கைதட்டலுக்காக வைத்திருக்கும் தகவல். கைதட்டுவதற்கு முன் மூன்றாம் பிரிவை இன்னொரு தரம் வாசித்துவிடுவது நல்லது. தமிழ் பேசிய அரச குடும்பத்தை நாட்டைவிட்டுத் துரத்தும் பத்திரத்தில் தமிழ் ஒப்பம். இதில் பெருமைப்பட எந்தப் பக்கத்துக்கும் அதிகம் கிடையாது.

இலத்திரனியல் கையொப்பத்தைப் பற்றிப் பாடம் நடத்துபவர்கள் ஒன்றை அடித்துச் சொல்வார்கள்: இட்டவர் பின்னால் மறுக்க முடியாதிருப்பதுதான் கையொப்பம். கண்டியில் அந்தச் சூத்திரம் மூன்று வருடங்கூட நிலைக்கவில்லை. ஒப்பமிட்டவர்களில் ஒருவரான கெப்பெட்டிபொலவை 1817இல் ஊவாக் கலகத்தை அடக்க ஆங்கிலேயர் அனுப்பினார்கள். போனவர் கலகக்காரருடன் சேர்ந்துகொண்டார். சேர்வதற்கு முன், அரசாங்கம் கொடுத்த துப்பாக்கிகளையும் தோட்டாக்களையும் அரசாங்கத்துக்கே திருப்பி அனுப்பினார். உங்கள் ஆயுதத்தால் உங்களைச் சுடுவது முறையில்லை என்று. கையொப்பத்தை இவ்வளவு நாகரிகமாக வாபஸ் பெற்றவர் வேறு யாரையும் எனக்குத் தெரியாது. 1818 நவம்பரில் தலையை வெட்டினார்கள். மண்டையோடு ஆய்வுக்கென்று எடின்பரோ போய், சுதந்திரத்துக்குப் பின் திரும்பி வந்து, 1954இல் கண்டியில் அடக்கம் செய்யப்பட்டது.

அந்தக் கலகத்தின்போது புத்தரின் புனித தந்தமும் மாளிகையிலிருந்து வெளியே போய்விட்டது. தந்தம் யாரிடமோ ஆட்சி அவரிடம் என்பது நாட்டு வழக்கு. ஒரு வாளேனும் உருவாமல் ஒப்பந்தத்தைக் கிழித்துவிடக்கூடிய பொருள் அது ஒன்றுதான். 1818இல் திரும்பக் கைப்பற்றியதும் ஆங்கிலேயர் தாங்களே காவல் போட்டார்கள். கிறிஸ்தவ அரசாங்கம் புத்தரின் பல்லுக்குத் திறப்புக்காரனாக இருப்பதா என்று பாதிரிமார் குதித்தார்கள். 1847இல் விட்டுக்கொடுத்தார்கள். 1848இல் மாத்தளைக் கலகம் வந்ததும் பயந்து திரும்ப வாங்கிக்கொண்டார்கள். 1853இல் ஒருவழியாக ஒப்படைத்துவிட்டுக் கையைக் கழுவினார்கள்.

இன்றைய ஏற்பாடு இதுதான். பேழையின் திறப்புகள் மூன்று பேரிடம்: மல்வத்த, அஸ்கிரிய பௌத்த பீடங்களின் தலைமைப் பிக்குகளான இரு மகாநாயக்கர்கள், மாளிகைப் பொறுப்பாளரான தியவடன நிலமே. மூவரும் வந்தால்தான் திறக்கும். இருவர் எவ்வளவு நல்லவர்களாக இருந்தாலும் திறக்காது. தரகர் கிடையாது. இந்த மூன்று இடத்துக்கும் இடையில் எப்போதும் முழு அன்பு நிலவியதாகச் சரித்திரம் சொல்லவில்லை. ஏற்பாட்டின் பலமே அதில்தான் இருக்கிறது.

அடி ஷமீர் என்ற இஸ்ரேல் அறிஞர் 1979இல் இரகசியத்தைப் பங்கிடுவது எப்படி என்று மிகச் சிறிய கட்டுரை ஒன்று எழுதினார். தொடக்கத்திலேயே ஒரு பழைய கணக்கு: பதினொரு விஞ்ஞானிகள், ஒரு அலுமாரி. எந்த ஆறு பேர் வந்தாலும் திறக்க வேண்டும், ஐந்து பேரால் முடியக் கூடாது. சாதாரணப் பூட்டால் செய்வதென்றால் 462 பூட்டு வேண்டும். ஒவ்வொரு விஞ்ஞானியும் 252 திறப்பைச் சுமக்க வேண்டும். ஷமீர் சொன்ன வழி வேறு. இரகசியத்தை ஒரு வளைகோட்டின் தொடக்க உயரமாக மறைத்து வை. கோட்டில் இருக்கும் புள்ளிகளை ஆளுக்கொன்றாகக் கொடு. போதிய புள்ளிகள் கூடினால் கோடு ஒன்றுதான் வரும், இரகசியம் வந்துவிடும். ஒரு புள்ளி குறைந்தாலும் எந்தக் கோடும் பொருந்தும், ஒன்றும் தெரியாது. அற்புதமான கணக்கு. மாளிகைக்கு அது தேவைப்படவில்லை. அங்கே விஞ்ஞானிகள் மூன்று பேர்தான்.

இருபதாம் நூற்றாண்டில் இந்தத் தொழில் ஒரு தடவை மிகப் பெரிய அளவில் கண்டிக்குத் திரும்பியது. 1944 ஏப்ரலில் மவுண்ட்பேட்டன் பிரபு தென்கிழக்காசியக் கட்டளையகத்தைத் தில்லியிலிருந்து தூக்கிக்கொண்டு வந்து பேராதனைப் பூந்தோட்டத்தில் இறக்கினார். ஜப்பானியக் கடற்படையின் வானொலிச் சேதிகளைப் பிடிப்பதும் உடைப்பதும் கொழும்பில் எச்.எம்.எஸ். அன்டர்சன் என்ற நிலையத்தில் நடந்தது. அது கப்பலன்று, குடிசைகள். கண்டியில் அமெரிக்க உளவுப் பிரிவும் ஒரு கிளை போட்டது. அதன் இரகசியக் கோப்பு அறைக்குப் பொறுப்பாக வந்தவர் ஜூலியா மக்வில்லியம்ஸ் என்ற ஆறடிக்கு மேல் உயரமான பெண். யார் எங்கே உளவு பார்க்கிறார், எந்தப் பெயரில் பார்க்கிறார் என்ற தாள் எல்லாம் அவர் கையைத் தாண்டித்தான் போனது. இங்கேதான் போல் சைல்ட் என்பவரைச் சந்தித்தார், பிறகு மணந்தார். போர் முடிந்ததும் பாரிஸ் போய்ச் சமையல் படித்தார். பிரெஞ்சுச் சமையற்காரர்கள் தலைமுறைகளாகப் பொத்தி வைத்திருந்த தொழில் நுணுக்கங்களை 1961இல் புத்தகமாகப் போட்டு, அமெரிக்கத் தொலைக்காட்சியில் செய்தும் காட்டினார். ஜூலியா சைல்ட் என்றால் இன்றைக்கும் அமெரிக்கச் சமையலறைகளில் கையெடுத்துக் கும்பிடுவார்கள். கண்டியில் வேலை பார்த்த இரகசியக் காப்பாளர்களில் பொதுமக்களுக்குப் பிரயோசனமான எதையாவது கசியவிட்டவர் இவர் ஒருவர்தான்.

டொயிலிக்கு வருவோம். ஒப்பந்தத்துக்குப் பின் அவரையே கண்டியின் ரெசிடென்ட் துரையாக வைத்தார்கள். தான் திறந்த வீட்டுக்குத் தானே காவல். கண்டி அரசின் அமைப்பைப் பற்றி ஓர் ஆய்வுநூல் எழுதினார். இறந்த பிறகுதான் அச்சேறியது. இன்றும் கண்டியச் சட்டம் பேசுபவர் அதைப் புரட்டாமல் பேச முடியாது. ஓர் ஆட்சியை அழித்தவரே அதன் மிகச் சிறந்த பாடப்புத்தகத்தையும் எழுதியிருக்கிறார். 1821இல் பரனெட் பட்டம் வந்தது. 1824 மே 25இல் காய்ச்சலில் போய்விட்டார். வயது ஐம்பதைத் தொடவில்லை. மாளிகைக்குப் பின்னால், நடந்து போகும் தூரத்தில், பழைய படைமுகாம் மயானத்தில் இருக்கிறார்.

சீட்டைக் காட்டிய மற்றவர்களின் கணக்கு இப்படி முடிந்தது. முடி கிடைக்கும் என்று நம்பிய எஹலப்பொலவுக்குப் பிரித்தானிய அரசாங்கத்தின் நண்பர் என்ற பெயர் கிடைத்தது. 1818இல் அந்த நண்பரையே சந்தேகத்தில் பிடித்து வைத்தார்கள். பிறகு மொரிசியசுக்கு அனுப்பினார்கள், 1829இல் அங்கேயே இறந்தார். கண்ணுசாமி என்ற ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கனை 1816இல் கப்பலேற்றி வேலூர்க் கோட்டையில் வைத்தார்கள். 1832 ஜனவரி 30இல் அங்கே முடிந்தது. பாலாற்றங்கரையில் அவருக்கு முத்துமண்டபம் உண்டு. வேலூர் மருத்துவமனைக்குப் போகும் இலங்கையர் எத்தனையோ பேர். மண்டபத்துக்கும் ஒரு நடை போய் வரலாம்.

ஜூலியா சைல்டின் உளவுக் கோப்பை அமெரிக்க ஆவணக் காப்பகம் 2008இல் எல்லாருக்கும் திறந்துவிட்டது. டொயிலியின் நாட்குறிப்பு அதற்கு வெகு முன்பே, 1917இல், கொட்ரிங்டன் என்பவர் பதிப்பிக்க, ரோயல் ஆசியச் சங்கத்தின் இலங்கைக் கிளையால் அச்சிடப்பட்டது. கண்டியின் எந்தப் பிரதானி, எந்தத் திகதியில், யார் கையில் கீழே சேதி அனுப்பினார் என்று அறிய விரும்பும் பேரப்பிள்ளைகள் இப்போது பக்கத்தைப் புரட்டினால் போதும்.